பாப்பாவை எழுப்பச் சொல்லி மகனுக்கு

மகனே,

உன் கடிதம் நேற்று மாலை நான்கு மணிக்கு வந்தது. நாலேகால் மணிக்கு நான் தங்காக் தபாலாபீஸ் ஜன்னலில் நின்று தந்தி எழுதிக்கொண்டிருந்தேன். பாப்பாவை எழுப்பு, இரண்டு மணி நேரத்துக்கு ஒரு தரம் பால் கொடு, இன்றே டாக்டரிடம் காட்டு. தந்தியில் அவ்வளவுதான் அடங்கியது. ஏன் என்பதற்கு அதில் இடமில்லை. ஏன் என்று தெரியாமல் நீ ஒரு ஜன்னலைக்கூடத் திறக்கமாட்டாய். அந்தக் குணத்தை நீ வேறு யாரிடமிருந்தும் வாங்கவில்லை, என்னிடமிருந்துதான் வாங்கினாய். அதனால் இன்று காலை முதல் உட்கார்ந்து இதை எழுதுகிறேன். தந்தி சொன்னதை நீ இன்னும் செய்யவில்லை என்றால், இந்தக் காகிதத்தை மேசைமேல் வைத்துவிட்டு முதலில் உள்ளே போ. குழந்தை விழித்துக் குடித்த பிறகு வந்து மிச்சத்தைப் படி.

நீ எழுதியதை நீயே மறந்திருப்பாய், திருப்பிச் சொல்கிறேன். "பாப்பா தங்கம், அம்மா. அழுவதே இல்லை. நேற்று ஒரே மூச்சாக ஆறு மணி நேரம் தூங்கினாள். கமலம்தான் சும்மா இருக்கமாட்டேன் என்கிறாள், தட்டித் தட்டி எழுப்பப் பார்க்கிறாள். தூங்குகிற குழந்தையை எழுப்பக் கூடாது என்று நான் தடுத்து வைத்திருக்கிறேன்." இதை நீ நல்ல செய்தியாக எழுதியிருந்தாய். ஒன்றரை மாதம் முன்னால் பிறந்துவிட்ட, பன்னிரண்டு நாளே ஆன குழந்தை அது. கடிதத்தின் ஓரத்தில், நீ மடிப்பதற்கு முன் எப்படியோ இடம் பிடித்து, உன் மனைவி பென்சிலால் ஒரு வரி எழுதியிருந்தாள். "அத்தை, பால் குடிக்கத் தொடங்கியதும் தூங்கிவிடுகிறாள், இது சரிதானா?" அந்தப் பென்சில் வரியைப் படித்ததும்தான் தபாலாபீஸுக்கு ஓடினேன். வீட்டுக்குள்ளேயே இருக்கிற உன்னிடம் கேட்க முடியாமல் நூறு மைலுக்கு அப்பால் இருக்கிற என்னிடம் கேட்டிருக்கிறாள்.

நானே கிளம்பி வந்திருப்பேன். உன் அப்பாவுக்கு மறுபடியும் மலேரியா. மூன்று நாளாக நடுக்கமும் காய்ச்சலும் மாறி மாறி வருகின்றன. எழுந்து தண்ணீர் எடுத்துக் குடிக்கக்கூட முடியவில்லை. அவர் கட்டிலுக்குப் பக்கத்தில்தான் மேசையைப் போட்டு எழுதுகிறேன். காய்ச்சல் இறங்கிய மறுநாள் முதல் பஸ்ஸில் ஜொகூர் பாருவுக்கு வருகிறேன். அதுவரைக்கும் என் வாய் இந்தக் கடிதம்தான். இதை உன்னோடு வைத்துக்கொள்ளவும் வேண்டாம். கமலம் படிக்கட்டும், உதவிக்கு வருகிற பெண்பிள்ளைகள் கேட்டால் வாசித்துக் காட்டு, நாளைக்கு உன் ஆபீஸில் யாருக்காவது இப்படி முன்கூட்டியே குழந்தை பிறந்தால் அவர்களிடம் கொடு. வெட்கப்பட வேண்டியவள் நான். அந்த வெட்கத்தை இருபத்திரண்டு வருடம் பொத்தி வைத்திருந்தது போதும்.

நீ ஏழரை மாதத்தில் பிறந்தவன் என்பதை உனக்குச் சொல்லியிருக்கிறேன். கூலாய்க்குப் பக்கத்துத் தோட்டத்தில், குழந்தையை நிறுக்கத் தராசு இல்லாமல், மரப்பட்டையில் உறைந்த ஒட்டுப்பாலை நிறுக்கும் தராசில் உன்னை வைத்து நிறுத்த கதையைச் சிரித்துச் சிரித்துச் சொல்லியிருக்கிறேன். உன் கல்யாணத்தில் நீ அதைக் கமலத்தின் வீட்டாரிடம் சொன்னாய், எல்லோரும் சிரித்தார்கள், நானும் சிரித்தேன். நான் சொன்னது பாதிக் கதை. மீதியை இதுவரை யாருக்கும் சொன்னதில்லை.

அப்போது எனக்கு இருபத்திரண்டு வயது. எங்கள் வீட்டில் எனக்கு முன்னால் யாரும் பள்ளிக்கூடப் படி ஏறியதில்லை. என் அப்பா சுண்ணாம்புக் காளவாயில் வேலை பார்த்தவர், கைநாட்டு வைப்பவர். மிஷன் பள்ளிக்கூடத்தார் உதவியால் நான் சென்னை வரை போய் பி.ஏ. முடித்தேன். வகுப்பில் கேள்வி கேட்டால் பதில் தெரியும், வாய் திறக்காது. பரீட்சையில் காகிதத்தைக் கொடுத்தால் எழுதித் தள்ளிவிடுவேன். எனக்குத் தெரிந்ததெல்லாம் காகிதத்திலிருந்து வந்து காகிதத்துக்கே போனது. அப்படிப்பட்டவள் கல்யாணமாகிக் கப்பலேறி, ஒரு ரப்பர் தோட்டத்தின் கிராணி பங்களாவில் வந்து இறங்கினேன். உன் அப்பா அங்கே கணக்கும் கடிதமும் பார்க்கும் கிராணி. பங்களா மேட்டில் இருந்தது, பால் வெட்டும் ஆட்கள் குடியிருந்த லயங்கள் கீழே. வந்த வாரத்தில் லயத்துப் பெண்கள் ஏழெட்டுப் பேர் என்னைப் பார்க்க மேலே வந்தார்கள். நான் கதவுக்குப் பின்னால் நின்றேன். வெளியே வந்து "வாங்க" என்று சொல்ல எனக்கு நாக்கு எழவில்லை. போகும்போது ஒருத்தி சொன்னது காதில் விழுந்தது. "பி.ஏ. அம்மாடி இவங்க. நம்மகிட்டயெல்லாம் பேசுவாங்களா?" ஓடிப்போய் அப்படியில்லை என்று சொல்லியிருக்க வேண்டும். சொல்லவில்லை. அதோடு தோட்டம் முழுக்க நான் கர்வக்காரி ஆகிவிட்டேன். எனக்கும் அது ஒருவிதத்தில் வசதியாக இருந்தது.

நீ ஒரு மழைக்காலக் காலையில், எதிர்பாராமல் பிறந்தாய். சண்டை நடந்துகொண்டிருந்த காலம் என்பதால் ஊரிலிருந்து யாரும் கப்பலேறி வருவதற்கில்லை. தோட்டத்து ஆஸ்பத்திரியைப் பார்த்துக்கொண்ட டிரசர் ஓடி வந்தார். மூன்றே முக்கால் ராத்தல் இருந்தாய். உன் கை என் சுண்டுவிரலைப் பிடிக்கப் பார்த்து, சுற்றிவர எட்டாமல் நழுவியது. டிரசர் உன்னைப் பஞ்சில் பொதிந்து ஒரு மரப்பெட்டியில் கிடத்தி, இரண்டு பக்கமும் வெந்நீர்ப் புட்டிகளைத் துணி சுற்றி வைத்துவிட்டு, "சூடு குறையாம பாத்துக்குங்கம்மா. பால அடிக்கடி குடுங்க" என்றார். ஆஸ்பத்திரியில் காய்ச்சல்காரர்கள் வரிசையாகப் படுத்திருந்தார்கள், போய்விட்டார். அடிக்கடி என்றால் எத்தனை மணிக்கு ஒரு தரம்? அந்த ஒரு கேள்வியைக் கேட்டிருந்தால் இந்தக் கடிதத்துக்கே வேலையில்லை. வாசல் வரைக்கும் அவர் முதுகையே பார்த்துக்கொண்டு படுத்திருந்தேன், கேட்கவில்லை. என்னிடம்தான் புத்தகம் இருக்கிறதே.

கல்லூரியில் எனக்குப் பாடம் சொன்ன வெள்ளைக்கார அம்மாள் கல்யாணப் பரிசாகக் கொடுத்த புத்தகம். குழந்தை வளர்ப்பைப் பற்றியது. நாலு மணி நேரத்துக்கு ஒரு தரம் பால், இடையில் கூடாது, தூங்கும் குழந்தையைத் தொந்தரவு செய்யக் கூடாது, தூக்கத்தில்தான் குழந்தை வளர்கிறது என்று அதில் போட்டிருந்தது. பக்கத்திலேயே கொழுகொழுவென்று ஒரு வெள்ளைக்காரக் குழந்தையின் படம். அந்தப் புத்தகத்தின்மேல் எனக்கு இன்றைக்கும் கோபமில்லை. பத்து மாதமும் இருந்து, பசித்தால் தெருவே கேட்க அழுகிற குழந்தைக்காக எழுதப்பட்ட புத்தகம் அது. பசியைக் கூவிச் சொல்லக்கூடத் தெம்பில்லாத குழந்தையும் உண்டு, அது அழாமல் இருப்பது சமத்தினால் அல்ல, சோர்வினால் என்பதை நான்தான் யோசித்திருக்க வேண்டும். எத்தனையோ புத்தகங்களைப் படித்துப் பரீட்சை எழுதிய நான், இது எந்தக் குழந்தைக்கு எழுதியது என்று ஒரு நிமிடம் கேட்டுக்கொள்ளவில்லை.

புத்தகத்தோடு நிற்கவில்லை, ஒரு நோட்டும் போட்டேன். எத்தனை மணிக்குக் குடித்தாய், எத்தனை நிமிடம், எவ்வளவு நேரம் தூங்கினாய் என்று கோடு போட்டு எழுதினேன். முதல் நாட்களில் இரண்டு மணி நேரத்துக்கு ஒரு தரம் நீயே முனகினாய். நான் புத்தகத்தின்படி நாலு மணி நேரம் காக்க வைத்தேன். நாலைந்து நாளில் முனகலை விட்டுவிட்டாய். தூக்கம் மூன்று மணி நேரமானது, பிறகு மூன்றரை, பிறகு நாலு. உன் அப்பாவிடம் நோட்டை நீட்டினேன். "பரவாயில்லயே, எங்க ஆபீஸ் ரிஜிஸ்தரவிட உன்னுது சுத்தமா இருக்கே" என்று சொல்லிவிட்டு, ஆபீஸில் போய், "எம் பையன் மணியடிச்ச மாதிரி தூங்குறான், மணியடிச்ச மாதிரி குடிக்கிறான்" என்று பெருமை அடித்துக்கொண்டார். உன் தெம்பு நாளுக்கு நாள் இறங்கிக்கொண்டிருந்ததை நானே என் கையால் கோடு போட்டு எழுதி, அடிக்கோடும் இட்டிருக்கிறேன்.

அந்த வீட்டில் இதைப் புரிந்துகொண்ட ஒரே ஆள் துணி துவைக்க வந்த அங்கம்மா. விடியற்காலையில் பால் வெட்டப் போய், நடுப்பகலில் பாலை ஸ்டோரில் ஊற்றிவிட்டு மேலே வருவாள். ஏறக்குறைய என் வயதுதான். ஐந்து மாதப் பெண் குழந்தை ஒன்று அவளுக்கு இருந்தது. வேலை நேரத்தில் அதை ஆயாக்கொட்டகையில் விட்டிருப்பாள். ஒருநாள் துவைத்து முடித்துவிட்டு வாசற்படியில் நின்று, "அம்மா, இன்னிக்கு அஞ்சு துணிதாங்க" என்றாள். நான் தலையை ஆட்டினேன். இரண்டு நாள் கழித்து, "இன்னிக்கு நாலுதாங்கம்மா" என்றாள். வேலை குறைந்ததைச் சொல்கிறாள் என்று நினைத்துக்கொண்டேன். அவள் சொன்னது வேறு. குடித்தால்தானே நனைக்கும்? நீ நனைத்த துணிகளை எண்ணித்தான் உன் வயிற்றுக்குள் என்ன போகிறது என்று அவள் பார்த்துக்கொண்டிருந்தாள். படித்தவளிடம் அதற்குமேல் உடைத்துச் சொல்வது மரியாதையில்லை என்று நினைத்திருப்பாள். நானும் அதற்குமேல் ஒரு வார்த்தை கேட்கவில்லை.

சொல்லிப் பயனில்லை என்று தெரிந்ததும் அவள் செய்யத் தொடங்கினாள். தினமும் அவள் வந்துபோகும் நேரத்தில் நீ விழித்து அழுதாய். அழுதால் கொடுக்காமல் இருக்க எனக்கு மனம் வரவில்லை, புத்தகத்தை மீறிக் கொடுத்தேன். நோட்டில் அந்த நேரங்களைச் சிவப்பு மசியால் தவறு என்று குறித்தேன். நாலாம் நாள் குளித்துவிட்டு உள்ளே வந்தபோது பார்த்தேன். அங்கம்மா ஈரக் கையோடு உன் பெட்டிக்குப் பக்கத்தில் குந்தி, உன் உள்ளங்காலை விரலால் சுண்டிக்கொண்டிருந்தாள். ஒரு சுண்டு, கொஞ்சம் பொறுப்பாள், மறுபடி ஒரு சுண்டு. நீ வீரிட்டாய்.

"என்ன செய்யறே?" என்றேன்.

பதறி எழுந்தாள். "கோவிச்சுக்காதீங்கம்மா. புள்ள ரொம்ப நேரமா தூங்குதுங்க. தானா முழிக்கத் தெம்பில்ல அதுக்கு. எந் தங்கச்சி புள்ளயும் இப்படித்தாங்க, எட்டுல பொறந்துச்சு..."

நான் முழுதாகக் கேட்கவில்லை. அத்தனை வாரத்தில் அவளிடம் நான் சொன்ன முதல் முழு வாக்கியம் இதுதான். "நாளையிலேருந்து நீ வரவேண்டாம்." வெட்கப்படுகிறவர்களுக்குக் கோபம் வந்தால் மட்டும் வாய் வந்துவிடுகிறது, பார். அவள் முந்தானையில் கையைத் துடைத்துக்கொண்டாள். "சரிங்கம்மா. துணிய மட்டும் எண்ணிப் பாருங்க" என்று சொல்லிவிட்டு இறங்கிப் போனாள்.

அடுத்த மூன்று நாளும் வீட்டில் சத்தமே இல்லை. நோட்டில் நாலரை, ஐந்து, ஆறு என்று எழுதினேன். இப்போது உன் கடிதத்திலும் அதே ஆறு. நாலாம் நாள் காலை பத்து மணிக்கு உன்னைப் பால் கொடுக்க எடுத்தேன். உன் வாய் மார்பில் பட்டது, பற்றவில்லை. உதடு காய்ந்து, ஓரத்தில் வெள்ளையாகத் தோல் உரிந்திருந்தது. பாதத்தைத் தொட்டேன், சில்லென்று இருந்தது. பெயர் சொல்லிக் கூப்பிட்டேன். கடைசியில் அவள் செய்ததைப்போல உள்ளங்காலைச் சுண்டினேன். கண் பாதி திறந்தது, என்னைப் பார்க்கவில்லை. அழுகை வரவில்லை. துணிக்கூடையைக் கவிழ்த்தேன். முந்தின நாள் காலையிலிருந்து ஒரே ஒரு ஈரத்துணி.

உன் அப்பா துரையோடு புது நடவு பார்க்கத் தூரத்துக்குப் போயிருந்தார். ஆஸ்பத்திரிக்கு ஆளனுப்பினேன். டிரசர் இன்னொரு பிரிவுக்குப் போய்விட்டார், சாயங்காலம்தான் வருவார் என்று பதில் வந்தது. உன்னை ரவிக்கைக்குள் என் உடம்போடு சேர்த்துவைத்துப் புடவையால் இறுகச் சுற்றிக்கொண்டு, அந்த மேட்டிலிருந்து முதல் தடவையாக இறங்கினேன். லயம் காலியாகக் கிடந்தது, எல்லோரும் வெட்டில். ஆயாக்கொட்டகையில் கேட்டேன், எட்டாம் நம்பர் காட்டில் பார்க்கச் சொன்னார்கள். முதல்நாள் மழையில் பாதை சேறு. செருப்பை எங்கே விட்டேன் என்று தெரியாது. ஒரே மாதிரி மரங்கள், ஒரே மாதிரி நிரைகள், எல்லா மரத்திலும் பால் சொட்டுகிற மங்கு, ஆளைக் காணோம். நடந்துகொண்டே புடவைக்குள் கையை விட்டு உன் முதுகைத் தொட்டுப் பார்த்தேன். மூச்சு இருந்தது. நாலு எட்டு வைத்து மறுபடி தொட்டேன். ஒருதடவை எனக்குத் தெரியவில்லை, நின்றுவிட்டேன். பிறகு முதுகு மெல்ல ஏறி இறங்கியது.

கங்காணி எதிரே வந்தார். திகைத்துப்போய்த் தலைத்துண்டை அவிழ்த்தார். "கிராணியம்மா! நீங்க எதுக்குங்க இந்தச் சேத்துல?"

"அங்கம்மா எந்த நிரையில?" என்றேன். எனக்கே கேட்கவில்லை.

"என்னங்கம்மா? யாருங்க?"

அப்போதுதான் கத்தினேன். பள்ளிக்கூடத்திலும் கல்லூரியிலும் திறக்காத வாய், அந்த ரப்பர்க் காட்டில் "அங்கம்மா, அங்கம்மா" என்று கத்தியது. எங்கிருந்தோ "ஓ" என்று பதில் வந்தது. வாளியைத் தூக்கிக்கொண்டு வந்தவள் என் முகத்தைப் பார்த்ததும் அதைப் பொத்தென்று போட்டாள். சாய்ந்து, பாலெல்லாம் சேற்றில் ஓடியது.

"எத்தன துணிம்மா?" இதுதான் அவள் கேட்ட முதல் கேள்வி.

"ஒண்ணு. நேத்துக் காலையிலேருந்து ஒண்ணு."

அவள் ஒரு வார்த்தை திட்டவில்லை. மரத்தடியில் உட்கார்ந்து, பக்கத்து ஓடைத் தண்ணீரை என்னையே ஊற்ற வைத்துத் தன் கையைக் கழுவிக்கொண்டாள். உன் சட்டையையும் சுற்றுத் துணியையும் கழற்றி, வெறும் உடம்பாகத் தன் மார்போடு சேர்த்துவைத்து, மேலே என் புடவைத் தலைப்பைப் போர்த்தினாள். முதுகைத் தேய்த்தாள். காது மடலைத் தடவினாள். உள்ளங்காலைச் சுண்டினாள். ஒன்றும் இல்லை. நான் உன் வாயைத் திறந்து ஒரு சொட்டாவது விட்டுவிடலாம் என்று கையை நீட்டினேன். என் கையைத் தட்டிவிட்டாள். "அவசரப்படாதீங்க. தூங்குற வாயில ஊத்துனா பொறயேறிப் போயிரும். மொதல்ல முழிக்கணும்." மறுபடி சுண்டினாள். எவ்வளவு நேரம் என்று தெரியாது, அன்று என்னிடம் கடிகாரம் இல்லை. பிறகு உன் நெற்றி சுருங்கியது. ஒரு பூனைக்குட்டி தூரத்தில் கத்தினால் எப்படிக் கேட்குமோ அப்படி ஒரு சத்தம் வந்தது. "ஆங், திட்டு, திட்டு, நல்லாத் திட்டு எங்கள" என்றாள் அங்கம்மா. தன் பாலை ஒரு சொட்டு உன் உதட்டில் பிழிந்தாள். அது வழிந்து கன்னத்தில் இறங்கியது. இன்னொரு சொட்டு. அதுவும் வழிந்தது. மூன்றாவது சொட்டுக்கு உன் தொண்டை அசைந்தது. அந்த அசைவை நான் என் கண்ணால் பார்த்தேன்.

கங்காணி பின்னாலேயே வந்து நின்றிருந்தார். "ஏ புள்ள, வாளிப் பால பூராக் கொட்டிட்டியே, தொரைக்கு நா என்னன்னு சொல்ல?" என்றார். அவள் நிமிர்ந்துகூடப் பார்க்கவில்லை. "அந்தப் பாலு நாளைக்கும் வரும். போய் மரத்துகிட்டச் சொல்லுங்கய்யா, போங்க."

அன்றிலிருந்து பதினொரு நாள் நீ குடித்தது பெரும்பாலும் அங்கம்மாவின் பால். நாலு மணி நேரத்துக்கு ஒரு தரம் என்று இருந்ததில் என் பால் குறைந்துபோயிருந்தது. குடிக்கக் குடிக்கத்தான் ஊறும் என்பதும் அப்போதுதான் எனக்குத் தெரிந்தது. அவள் காலையில் தன் குழந்தையையும் தூக்கிக்கொண்டு பங்களாவுக்கே வந்துவிடுவாள், மாலையில் இரவுக்கு நான் கொடுக்கப் பாலைப் பிழிந்து வைத்துவிட்டு இறங்குவாள். முதலில் சங்கில் பிழிந்து சொட்டுச் சொட்டாக, பிறகு மார்பில். கால் மணி நேரம் குடித்தால் களைத்துவிடுவாய், அதோடு நிறுத்தி உடம்போடு அணைத்து வைப்பாள், இரண்டு மணி நேரம் ஆவதற்குள் மறுபடி எழுப்புவாள். சாயங்காலம் வந்த டிரசர் பார்த்துவிட்டு, "இப்படியே செய்யுங்க" என்றார். பிறகு தயங்கித் தயங்கி, "அடிக்கடின்னா ரெண்டு மணிக்கு ஒருவாட்டின்னு அன்னிக்கே சொல்லியிருக்கணும். நீங்க படிச்சவங்க, நாஞ் சொல்லணுமான்னு விட்டுட்டேம்மா" என்றார். துணிகள் ஆறாயின, எட்டாயின. உன் அப்பா அந்த நாட்களில் ஆபீஸ் வேலையாகக் காலையில் போய் மாலையில்தான் வருவார். அங்கம்மா துணி துவைக்க வருகிறாள் என்றே நினைத்திருந்தார்.

இனி எழுதுவதுதான் எனக்குக் கடினம். அந்த வாரக் கடைசியில் உன் அப்பா என்னிடம், "எப்படிப் பொழச்சான்?" என்று கேட்டார். என் படிப்பு உன்னைக் கொல்லப் பார்த்தது என்று சொல்ல முடியவில்லை. லயத்துப் பெண்ணின் பாலை நீ குடித்தாய் என்றும் சொல்ல முடியவில்லை. அந்தக் காலத்தில் கிராணி வீடுகளில் அது லேசான சங்கதி அல்ல. "டிரசர் குடுத்த மருந்து" என்றேன். அங்கம்மா அப்போது முற்றத்தில் உன் துணியைப் பிழிந்துகொண்டிருந்தாள், எல்லாம் அவள் காதில் விழுந்தது. ஒரு கணம் கை நின்றது. பிறகு அந்தத் துணியை உதறி, கொடியில் போட்டாள். நாலு மாதம் கழித்து அவள் புருஷனுக்கு வேறு தோட்டத்தில் வேலை கிடைத்துக் குடும்பமே கிளம்பியது. போகும்போது மேலே வந்து உன்னை ஒருதடவை தூக்கிக் கொஞ்சிவிட்டுப் போனாள். நான் கதவருகே நின்றிருந்தேன். நன்றி என்றோ மன்னித்துக்கொள் என்றோ ஒரு சொல் வரவில்லை. எந்தத் தோட்டம் என்றுகூடக் கேட்கவில்லை. பிறகு எத்தனையோ தோட்டங்களில் விசாரித்துவிட்டேன், கண்டுபிடிக்க முடியவில்லை.

இந்த இடத்தில் எழுதுவதை நிறுத்த வேண்டியிருந்தது. தந்திக்காரன் வந்தான். கையெழுத்துப் போடக்கூட என்னால் முடியவில்லை, எதிர்வீட்டு அம்மாளைக் கூப்பிட்டுப் பிரிக்கச் சொன்னேன். "எழுப்பினோம். கொஞ்சம் குடித்தாள். டாக்டர் வருகிறார்." நாற்காலியில் உட்கார்ந்து கொஞ்ச நேரம் அழுதேன். இப்போது கேட்கிறேன், கொஞ்சம் என்றால் எவ்வளவு? விழுங்கினாளா, வழிந்ததா? பாதம் சூடாக இருக்கிறதா? நாளைக்கு ஆறு துணியாவது நனைய வேண்டும், எண்ணு. கண்ணின் வெள்ளையும் தோலும் மஞ்சளாகத் தெரிந்தாலோ, எழுப்பியும் எழுந்திருக்கவில்லை என்றாலோ, டாக்டர் வரட்டும் என்று காத்திருக்காமல் நீயே ஆஸ்பத்திரிக்குத் தூக்கிக்கொண்டு ஓடு. சர்க்கரைத் தண்ணீர், தேன் என்று யார் கொண்டுவந்தாலும் வாங்காதே. குழந்தையைத் துணியில் சுற்றித் தனியாகக் கிடத்தாமல் கமலத்தின் மார்போடு வெறும் உடம்பாக வைத்து மேலே போர்த்து. அவள் களைத்தால் உன் மார்பில் வை. ஆண்பிள்ளை என்று கூச்சப்படாதே, உன் உடம்பும் சூடுதான்.

நான் அழுததில் உன் அப்பா கண் விழித்துவிட்டார். என்ன என்று கேட்டார். இருபத்திரண்டு வருடமாகச் சொல்லாததை அந்தக் கட்டிலோரத்தில் நின்று சொன்னேன். எல்லாவற்றையும், பால் உட்பட. "அப்ப தீவாளிக்குத் தீவாளி அந்த டிரசருக்குக் கோழி குடுத்தனுப்பினேனே, அத்தனையும் வீணா?" என்றார். எனக்குச் சிரிப்பும் வந்துவிட்டது. பிறகு சுவர்ப்பக்கம் திரும்பிப் படுத்துக்கொண்டு, "அந்தப் பொண்ணு நம்ம வீட்டு வாசல்லதானே நின்னிருக்கா. எங்கிட்டயாவது சொல்லியிருக்கலாமே நீ" என்றார்.

மகனே, உன் வீட்டில் பாப்பாவின் அருகிலேயே கிடந்து, இது சரியில்லை என்று முதலில் கண்டுபிடித்தவள் கமலம். எழுப்பப் போன அவள் கையைப் பிடித்து நிறுத்தியவன் நீ. கெட்ட எண்ணத்தால் அல்ல, நானும் கெட்ட எண்ணத்தால் செய்யவில்லை. இன்றைக்கு என் தந்திக்காக எழுப்பினீர்கள். நாளைக்கு மறுநாள் பாப்பா அயர்ந்து தூங்கும்போது தந்தி வராது, நீ ஆபீஸில் இருப்பாய், எழுப்பலாமா கூடாதா என்று அவள் உன் முகத்தை நினைத்துக்கொண்டு உட்கார்ந்திருப்பாள். அந்த ஒரு மணி நேரம்தான் எனக்குப் பயம். ஆகையால் இதை மடித்து வைத்ததும் அவளிடம் போ. நீ சொன்னதுதான் சரி, நான் தடுத்தது தப்பு என்று வாய்விட்டுச் சொல். மனதுக்குள் சொல்லிக்கொள்ளாதே, சீட்டில் எழுதி வைக்காதே, சிரித்து மழுப்பாதே. நம் இரண்டு பேருக்கும் அது எவ்வளவு சிரமம் என்று எனக்குத் தெரியும். இருந்தாலும் சொல்லிவிடு. சொல்லிவிட்டால், அடுத்த தடவை உன்னைக் கேட்காமலே எழுப்புவாள்.

அம்மா